கதவைச் சாத்தினாலும் சத்தம் எப்படிக் கேட்கிறது? டியூஷன் பிள்ளைகளுக்கு ஒலியைச் சொல்லித்தர நினைக்கும் ஒரு தாய்க்கு

தென்காசிப் பக்கத்திலிருந்து ஒரு வாசகி எழுதியிருக்கிறார். பெயரும் ஊரும் வேண்டாம் என்று கேட்டுக்கொண்டதால், விஷயத்தை மட்டும் சுருக்கித் தருகிறேன்.

பி.காம். முடித்தவர். மாலையில் வீட்டு முன்கூடத்தில் தெருப் பிள்ளைகளுக்கு டியூஷன் எடுக்கிறார். மூன்றாம் வகுப்பு முதல் ஐந்தாம் வகுப்பு வரை படிக்கிறவர்கள். கூடவே அவருடைய எட்டு வயது மகன். சனிக்கிழமை ஆனால் பாடப் புத்தகத்தை மூடிவிட்டு ஏதாவது அறிவியல் செய்து காட்டுவது வழக்கம். போன மாதம் ஒலியைப் பற்றி ஆரம்பித்திருக்கிறார். "ஒலி காற்றுல பறந்து வந்து நம்ம காதுக்குள்ள போகுது" என்று சொன்னவுடனே ஒரு பையன், "அப்போ கதவைச் சாத்துனாலும் எப்படிக்கா கேக்குது?" என்று கேட்டுவிட்டான். "இடுக்கு வழியா வருதுடா" என்று சமாளித்திருக்கிறார். பையன் நம்பவில்லை. தனக்கே அந்தப் பதிலில் நம்பிக்கை இல்லை என்று எழுதியிருக்கிறார்.

அவர் கேட்டிருப்பது நான்கு விஷயம். ஆன்லைனில் விற்கும் 1,800 ரூபாய் 'ஒலி கிட்' வாங்கலாமா? டியூஷனுக்கு வரும் நான்காம் வகுப்புச் சிறுமி ஒருத்தி இரண்டு காதிலும் செவிக்கருவி போட்டிருக்கிறாள். "காது பத்தின பாடம்னா எம்புள்ள மனசு கஷ்டப்படும், அன்னைக்கு அனுப்பல" என்கிறார் அவள் அம்மா. பாடத்தையே விட்டுவிடலாமா? அடுத்த மாதம் ஊரில் அம்மன் கோயில் கொடைத் திருவிழா. அப்போது பெரிய ஸ்பீக்கர் பெட்டி வைப்பார்கள். பிள்ளைகளைப் பக்கத்தில் நிறுத்தி, பெட்டியில் கை வைத்து அதிர்வை உணரச் சொல்லலாமா? கடைசியாக, போகிற போக்கில் ஒரு வரி: "என் மகனுக்குக் கவனமே இல்லை. பின்னாலிருந்து கூப்பிட்டால் திரும்புவதில்லை, டி.வி.யை அலறவிடுகிறான், சளி பிடித்தால் இன்னும் மோசம். ஒலி பாடம் நடத்தினால் காது கொடுத்துக் கேட்கும் பழக்கம் வருமா?"

அன்புள்ள சகோதரி,

நான் குழந்தைகளின் செவித்திறனைச் சோதிக்கும் வேலையில் இருப்பவள். அதனால் உங்கள் கடைசி வரிதான் எனக்கு முதலில் கண்ணில் பட்டது. ஆனாலும் அதைக் கடைசியிலேயே எடுத்துக்கொள்கிறேன். நடுவில் சொல்லப் போகிற சில விஷயங்கள் தெரிந்தால் அது எளிதாகப் புரியும்.

அந்தப் பையனின் கேள்விக்கு

நீங்கள் சொன்ன பதில் முழுத் தவறு இல்லை. கதவுக்குக் கீழே விரல் நுழையும் அளவு இடைவெளி இருந்தால், சத்தத்தில் பெரும்பங்கு அந்த வழியாகத்தான் வருகிறது. ஒரு கோணிச் சாக்கைச் சுருட்டிக் கீழே வைத்துப் பாருங்கள், சத்தம் குறைவது தெரியும். ஆனால் சுத்தமாக நிற்காது. ஏனென்றால் கதவும் அதிர்கிறது. அந்தப் பக்கத்துக் காற்று கதவை மெல்லத் தள்ளி இழுக்கிறது, கதவு இந்தப் பக்கத்துக் காற்றைத் தள்ளி இழுக்கிறது.

சிக்கல் எங்கே வந்தது தெரியுமா? 'பறந்து வந்து' என்றீர்களே, அங்கே. ஒலி பறந்து வரும் ஒரு பொருள் என்று பிள்ளைகள் எடுத்துக்கொண்டால், கதவு கட்டாயம் அதைத் தடுத்தாக வேண்டும். பையனின் தர்க்கம் சரியானதுதான். வரும் சனிக்கிழமை ஐந்து பிள்ளைகளை ஒருவர் பின் ஒருவராக நிற்க வைத்து, முன்னால் இருப்பவர் தோளில் கை வைக்கச் சொல்லுங்கள். கடைசியில் நிற்பவனை மெதுவாகத் தள்ளிவிட்டு நிறுத்துங்கள். தள்ளு முன்னால் நிற்பவன் வரை போய்விடும். ஆனால் யாரும் இடம் மாறியிருக்க மாட்டார்கள். காற்றில் நடப்பது அதுதான். இப்போது நடுவிலிருந்து ஒருவனை வெளியே எடுங்கள், தள்ளு அங்கேயே நின்றுவிடும். காற்றே இல்லாத இடத்தில் சத்தம் போகாது என்பதற்கு இதைவிடச் சுலபமான விளக்கம் எனக்குத் தெரியவில்லை. ராபர்ட் பாயில் 1660இல் எழுதிய புத்தகத்தில் இதே விஷயம் இருக்கிறது. கண்ணாடிக் கலத்துக்குள் கடிகாரத்தைத் தொங்கவிட்டு, பம்பு வைத்துக் காற்றை வெளியேற்றினார். காற்று குறையக் குறைய டிக் டிக் சத்தம் தேய்ந்து போனது.

குளத்தில் கல் எறிந்த படத்தைத்தான் எல்லோரும் போடுகிறார்கள். எனக்கு அதில் அவ்வளவு பிரியம் இல்லை. தண்ணீர் மேலும் கீழும் ஏறி இறங்குகிறது, காற்றோ போகிற திசையிலேயே முன்னும் பின்னும் நெருங்கி விலகுகிறது. சின்ன வயதில் மனதில் பதிந்த அந்த ஏறி இறங்கும் அலைப் படத்தை, எட்டாம் வகுப்பில் ஒலி தனிப் பாடமாக வரும்போது அழிக்கப் பெரும்பாடு படுகிறார்கள்.

ஒலி வீசும் காற்றல்ல என்று காட்டவும் வழி உண்டு. ஊதுபத்தி கொளுத்தி வைத்து, பக்கத்தில் செல்போனில் பாட்டுப் போடுங்கள். பாட்டு அறை முழுக்கக் கேட்கும். புகை தன் பாட்டுக்கு மேலே போய்க்கொண்டிருக்கும்.

அப்புறம் ஒரு பெஞ்ச். ஒரு முனையில் பையன் காதை ஒட்டி வைத்துக்கொள்ளட்டும், மறுமுனையில் நீங்கள் நகத்தால் லேசாகச் சுரண்டுங்கள். காதை எடுத்துவிட்டால் கேட்காத சத்தம், ஒட்டி வைத்தால் கரகரவென்று கேட்கும். இதற்கு "மரத்தில் ஒலி வேகமாகப் போகிறது" என்று காரணம் சொல்வார்கள். வேகம் உண்மைதான். அறை வெப்பக் காற்றில் நொடிக்கு ஏறக்குறைய 343 மீட்டர், தண்ணீரில் 1,480 மீட்டர், இரும்பில் 5,000 மீட்டருக்கு மேல். ஆனால் வேகம் கூடுவதால் சத்தம் கூடுவதில்லை. நகம் பட்டது நேராக மரத்தில். அந்த அதிர்வு நாலா பக்கமும் சிதறாமல் மரத்தோடு வந்து அவன் தலையெலும்பையே தொடுகிறது. அதே மரம், காற்றில் வரும் சத்தத்தில் பெரும்பகுதியைத் திருப்பி அனுப்பிவிடும். கதவு சத்தத்தைக் குறைப்பதும், பெஞ்ச் சத்தத்தைக் கொண்டுவருவதும் முரண் இல்லை என்று அந்தப் பையனிடம் சொல்லுங்கள். அவனுக்குப் புரியும்.

கிட் வேண்டாம்

1,800 ரூபாயை மிச்சம் பிடியுங்கள். எவர்சில்வர் டம்ளர், ஒரு பலூன், ஒரு சிட்டிகை ரவை போதும். பலூனை வெட்டி டம்ளர் வாயில் இழுத்துக் கட்டி, மேலே ரவையைத் தூவுங்கள். ஒரு சாண் தள்ளி ஒரு தட்டைப் பிடித்துக் கரண்டியால் தட்டுங்கள். யாரும் தொடாமலே ரவை துள்ளும். நம் செவிப்பறை வேலை செய்வதும் இப்படித்தான். அதற்குப் பின்னால் சுத்தி, பட்டை, அங்கவடி என்று மூன்று குட்டி எலும்புகள். அங்கவடி நம் உடம்பிலேயே சின்ன எலும்பு, 3 மில்லிமீட்டர்தான் இருக்கும். பலூன் துண்டை யாரும் வாயில் போடாமல் பார்த்துக்கொள்ளுங்கள், தொண்டையில் அடைத்தால் ஆபத்து.

தீப்பெட்டி போன் செய்யாத பிள்ளை இருக்காது. அதையே சிரட்டையில் செய்தால் இன்னும் நன்றாக இருக்கும். நூல் தொய்ந்தால் கேட்காது. இழுத்துப் பிடித்திருக்கும்போது நடுவில் ஒருத்தி நூலை இரண்டு விரலால் பிடித்தால் பேச்சு அறுந்துவிடும். விரலை எடுத்தால் திரும்ப வரும். "உள்ளே கரண்டு போகுதா?" என்று எவனாவது கேட்டால் இந்த ஒன்றைச் செய்து காட்டினால் போதும்.

பிள்ளைகளை மடக்க ஒரு நல்ல வேலை இருக்கிறது. ஒரே மாதிரி கண்ணாடி பாட்டில் இரண்டு. ஒன்றில் முக்கால்வாசித் தண்ணீர், இன்னொன்றில் கால்வாசி. எதில் சுருதி கூடுதலாக வரும் என்று முதலில் கேளுங்கள். ஸ்பூனால் தட்டினால் தண்ணீர் அதிகம் உள்ள பாட்டில் தாழ்ந்து ஒலிக்கும், ஜலதரங்கக் கிண்ணங்கள் மாதிரி. வாய் விளிம்பில் ஊதினால் அதே பாட்டில்தான் உயர்ந்து ஒலிக்கும். கூடம் இரண்டு கட்சியாகப் பிரிந்து சண்டை போடும், போடட்டும். தட்டும்போது அதிர்வது கண்ணாடியும் தண்ணீரும் சேர்ந்து. தண்ணீர் கூடினால் பாரம் கூடுகிறது, மெதுவாக அதிர்கிறது. ஊதும்போது அதிர்வது உள்ளே இருக்கும் காற்று. தண்ணீர் கூடினால் காற்றுக்கு இடம் குறைகிறது, வேகமாக அதிர்கிறது. எது அதிர்கிறது என்று கேட்கப் பழகிவிட்டால், ஒலியில் பாதிப் பாடம் முடிந்த மாதிரி.

சத்தம் கூடுவது வேறு, சுருதி ஏறுவது வேறு என்பதையும் இதே பாட்டிலை வைத்தே சொல்லிவிடலாம். பலமாகத் தட்டினால் சத்தம்தான் கூடும், சுருதி மாறாது.

உங்கள் ஊரில் ஒலிக்கு உதாரணம் தேடி அலைய வேண்டிய அவசியமே இல்லை. கொடையில் வில்லுப்பாட்டு உண்டுதானே? நாண் அதிர்வதும், வில்லின் நடுவில் கட்டிய குடம் அதை வாங்கிப் பெரிதாக்குவதும் கண்ணெதிரே நடக்கிறது. பறை அடிப்பவர்கள் முன்கூட்டியே தீ மூட்டித் தோலைக் காய்ச்சுவார்கள். ஈரத்தில் தளர்ந்த தோல் சூட்டில் இறுகும், ஓசை கணீரென்று ஏறும். காய்ச்சுவதற்கு முன்னும் பின்னும் ஒரு அடி அடித்துக் காட்டச் சொல்லிக் கேட்டால் மறுக்க மாட்டார்கள். மிருதங்கம் வாசிப்பவர் யாராவது இருந்தால், வலந்தலை என்கிற வலப்பக்கத் தோலின் நடுவில் கறுப்பாக இருக்கும் கரணையைப் பிள்ளைகளுக்குக் காட்டச் சொல்லுங்கள். வெறும் தோலைத் தட்டினால் ஒன்றோடொன்று சேராத பல ஓசைகள் கலந்து வரும். அந்தக் கறுப்புப் பூச்சின் பாரம்தான் அவற்றை ஒரு சுருதிக்குள் கொண்டுவருகிறது. இதை ஆராய்ந்து 1920இல் 'நேச்சர்' இதழில் எழுதியவர்களில் ஒருவர் திருச்சியில் பிறந்த சி.வி. ராமன். நோபல் பரிசுக்குப் பத்து வருஷம் முன்னால்.

செவிக்கருவி போட்ட சிறுமி

பாடத்தை விட வேண்டாம். அவளையும் விட வேண்டாம். அந்த அம்மாவின் பயம் எனக்குப் புரிகிறது. "காது எப்படிக் கேட்கிறது" என்று தொடங்கினால், அன்று முழுக்க எல்லார் பார்வையும் அவள் மேல்தான் இருக்கும். அதனால் காதில் தொடங்காதீர்கள், விரலில் தொடங்குங்கள். தொண்டையில் கை வைத்து "ம்ம்ம்" சொல்வது, ஊதிய பலூனை மடியில் அணைத்துக்கொண்டு பக்கத்தில் ஒருவர் பேசுவது, தட்டிய குடத்தில் உள்ளங்கையை வைப்பது. இதில் அவளுக்கு எந்தக் குறையும் இல்லை. மற்ற பிள்ளைகளைவிட அவள் முந்திக்கொண்டாலும் நான் ஆச்சரியப்பட மாட்டேன். அவள் அம்மாவிடம் தனியாக உட்கார்ந்து, என்ன செய்யப் போகிறீர்கள் என்று முன்கூட்டியே சொல்லுங்கள். கருவியைக் காட்டுவதா வேண்டாமா என்பது அந்தப் பெண்ணின் விருப்பம். "எல்லாருக்கும் காட்டும்மா" என்று சபையில் கேட்டுவிடாதீர்கள்.

பொதுவாக ஒரு தவறான எண்ணம் இருக்கிறது: செவிக்கருவி போட்டவர்களிடம் கத்திப் பேச வேண்டும் என்று. வேண்டியதில்லை. கத்தினால் சொல் உடைந்துதான் கேட்கும். முகம் தெரியும்படி, சாதாரணக் குரலில், கொஞ்சம் நிதானமாகப் பேசுங்கள். ஜன்னலுக்கு முதுகு காட்டி நின்றால் உங்கள் முகம் இருட்டாகிவிடும், அவளால் உதட்டைப் பார்க்க முடியாது. கருவி உங்கள் குரலையும் மின்விசிறி இரைச்சலையும் சேர்த்தே வாங்குகிறது. அதனால் அவளை உங்களுக்கு ஒரு மீட்டருக்குள் உட்கார வையுங்கள். டைல்ஸ் போட்ட கூடம் என்றால் ஒரு ஜமுக்காளம் விரித்து, ஜன்னலுக்குத் துணித்திரை போட்டாலே எதிரொலி அடங்கும். இதெல்லாம் மற்ற பிள்ளைகளுக்கும் நல்லதுதான். பள்ளியில் அவளுக்கு முன்வரிசை இடம் மாதிரியான வசதிகளைச் செய்து தருவது ஆசிரியர்களின் தயவு இல்லை. மாற்றுத்திறனாளிகள் உரிமைச் சட்டம், 2016 பள்ளிகளுக்குக் கொடுத்திருக்கும் கடமை. அவள் அம்மாவுக்கு இது தெரியாமல் இருக்கலாம், சொல்லி வையுங்கள்.

ஒரு சோதனையில் மட்டும் எச்சரிக்கை. ஸ்பூனை நூலில் கட்டி, நூலின் இரு முனைகளையும் ஆள்காட்டி விரல்களில் சுற்றி, விரலைக் காது வாசலில் வைத்துக்கொண்டு ஸ்பூனை மேசையில் இடித்தால் கோயில் மணி அடிப்பது மாதிரி கேட்கும். பிள்ளைகள் துள்ளிக் குதிப்பார்கள். ஆனால் செவிக்கருவி மேல் விரல் வைத்தால் அது கீச்சென்று கத்தும். "காதுக்குப் பின்னால் எலும்பில் வை, உனக்கும் கேட்கும்" என்று உறுதி கொடுக்காதீர்கள். பாதிப்பு உள்காதில் இருந்தால் எலும்பு வழி வந்தாலும் தெளிவாகக் கேட்காது, பிள்ளை ஏமாந்துபோகும். அவள் நூலை விரல்களுக்கிடையே பிடித்து அதிர்வைச் சொல்லட்டும். கருவியின் பொத்தான் பேட்டரி எங்கேயாவது விழுந்தால் உடனே எடுத்துவிடுங்கள், சின்னப் பிள்ளை விழுங்கினால் உள்ளே புண்ணாக்கிவிடும்.

கொடை ஸ்பீக்கர் பக்கத்தில் வேண்டவே வேண்டாம்

இதில் மட்டும் கறாராகச் சொல்கிறேன். உள்காதில் ஒலியை உணரும் நுண்மயிர்ச் செல்கள் ஒரு காதுக்குச் சுமார் 15,000தான். செத்தால் மனிதர்களுக்கு மறுபடி முளைப்பதில்லை. உலக சுகாதார நிறுவனத்தின் கணக்குப்படி 80 டெசிபல் சத்தத்தை வாரத்துக்கு 40 மணி நேரம் வரை கேட்கலாம். 90 டெசிபல் என்றால் 4 மணி நேரம்தான். பத்து டெசிபல் கூடியதற்கு நேரம் பத்தில் ஒன்றாகிவிட்டது பாருங்கள். கொடையில் வைக்கும் பெட்டிக்குப் பக்கத்தில் 100ஐத் தாண்டுவது சர்வசாதாரணம். கொஞ்ச நேரத்தில் காதில் "ஙொய்" என்று இரைச்சல் வந்தால் அது காது கொடுக்கும் எச்சரிக்கை. செவிக்கருவி போட்ட பிள்ளைக்கும் இதே விதிதான், கருவி காதுக்குக் கவசம் ஆகாது.

வேறு மாதிரி பயன்படுத்திக்கொள்ளுங்கள். திறந்த வெளியில் தூரம் இரட்டிப்பானால் சத்தம் ஏறக்குறைய 6 டெசிபல் குறையும். செல்போனில் டெசிபல் காட்டும் செயலி இருக்கிறது, துல்லியம் போதாது என்றாலும் ஏற்ற இறக்கம் தெரியும். தெருக்கோடியிலிருந்து கோயில் பக்கமாக நடந்து, 80 வந்ததும் நின்றுவிட வேண்டும் என்று பிள்ளைகளுக்கு விதி போடுங்கள்.

கொடையை நிறுத்தச் சொல்கிறேன் என்று நினைக்காதீர்கள். ஆனால் 2000ஆம் ஆண்டின் ஒலி மாசு விதிகளின்படி ஒலிபெருக்கிக்கு எழுத்துப்பூர்வ அனுமதி வேண்டும், இரவு 10 முதல் காலை 6 வரை திறந்த வெளியில் வைக்கக் கூடாது. திருவிழாவுக்காக அரசு நள்ளிரவு 12 வரை தளர்த்தலாம், அதுவும் வருஷத்துக்கு 15 நாளுக்கு மேல் இல்லை. காவல் நிலையத்தில் புகார் தர உங்களுக்கு உரிமை உண்டு. ஊருக்குள் இருந்துகொண்டு புகார் கொடுப்பது அவ்வளவு லேசு இல்லை என்பதும் எனக்குத் தெரியும். விழாக் கமிட்டியில் தெரிந்த அண்ணாச்சி யாரிடமாவது, "குழந்தைகள் இருக்கிற வீட்டுப் பக்கம் பெட்டியைத் திருப்ப வேண்டாம்" என்று முன்னதாகவே கேட்பதுதான் பெரும்பாலும் வேலைக்கு ஆகும்.

இனி உங்கள் மகன்

ஒலி பாடம் நடத்தினால் கவனம் வருமா என்று கேட்டீர்கள். முதலில் அவனுக்குக் கேட்கிறதா என்று பார்ப்போம். பின்னாலிருந்து கூப்பிட்டால் திரும்பாதது, டி.வி. சத்தத்தைக் கூட்டுவது, சளி வந்தால் மோசமாவது, இந்த மூன்றும் சேர்ந்து வந்தால் நாங்கள் முதலில் சந்தேகப்படுவது நடுக்காதில் நீர் கோத்திருக்கிறதா என்றுதான். ரவை துள்ளிய அந்த டம்ளரில் பலூனைத் தொடும் அளவு தண்ணீர் நிரப்பிக் கட்டிப் பாருங்கள், ரவை முன்போல் துள்ளாது. செவிப்பறைக்குப் பின்னால் நீர் நின்றால் இப்படித்தான் ஆகிறது. வலி இருக்காது, காய்ச்சல் இருக்காது. பிள்ளைக்கே தெரியாது. சில நாள் நன்றாகக் கேட்கும், சில நாள் மந்தமாக இருக்கும். வீட்டில் அதற்குப் பெயர் 'வேண்டுமென்றே செய்கிறான்'.

அதுதான் என்று நான் கடிதத்தை வைத்தே சொல்லிவிட முடியாது. காதில் குறும்பி அடைத்திருக்கலாம். கார்ட்டூனில் மூழ்கிப்போன சாதாரணப் பையனாகவும் இருக்கலாம். சோதித்தால் தெரிந்துவிடும். நடுக்காது அழுத்தம் பார்க்கும் சோதனை சில நொடிகள்தான், காது வாசலில் ரப்பர் முனை வைப்பார்கள், வலிக்காது. ஹெட்போன் மாட்டி, சத்தம் கேட்டால் பொத்தானை அமுக்கச் சொல்லும் சோதனையை எட்டு வயதுப் பையன் விளையாட்டாகவே செய்துவிடுவான். அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனையின் காது மூக்கு தொண்டைப் பிரிவில் இதற்கு வசதி உண்டு. அவன் படிப்பது அரசுப் பள்ளி என்றால், பள்ளிக்கு வரும் சிறார் நலப் பரிசோதனைக் குழுவிடம் சொன்னாலும் மேல்பரிசோதனைக்கு மாவட்ட மையத்துக்கு எழுதிக் கொடுப்பார்கள்.

நீர் கோத்திருந்தாலும் பதற வேண்டியதில்லை. பெரும்பாலான பிள்ளைகளுக்கு மூன்று மாதத்துக்குள் தானே வடிந்துவிடும். அதுவரை மருத்துவர் கவனித்துக்கொண்டிருப்பார். நீடித்தால்தான் செவிப்பறையில் சின்னக் குழாய் வைப்பது பற்றிய பேச்சு வரும். இடையில் நல்லெண்ணெய் காய்ச்சி விடுவது, பட்ஸ் வைத்துக் குடைவது இரண்டும் கூடாது.

போவதற்கு முன் அவன் வகுப்பு ஆசிரியரிடம் இரண்டு விஷயம் கேட்டு வையுங்கள். எந்த வரிசையில் உட்காருகிறான்? டிக்டேஷனில் என்ன மாதிரி தப்பு விடுகிறான்? டிக்டேஷன் நோட்டையும் கையோடு கொண்டுபோங்கள். குறில் நெடில் பிழையா, ஒன்றுக்கொன்று பக்கத்தில் ஒலிக்கும் எழுத்துகளைக் குழப்புகிறானா என்று பார்த்தால், சோதிப்பவருக்கு அது உதவும். சளி பிடித்திருந்தால் குணமாகட்டும் என்று காத்திருக்காதீர்கள், அந்த நேரத்திலேயே கூட்டிப்போங்கள்.